இரண்டு நேர்க்கோடுகள் வெட்டுகின்றனவா, இணையாக உள்ளனவா: சமன்பாடுகளைக் கொண்டு கண்டறியும் முழுமையான வழிகாட்டி

y = 0.5x + 1, y = 0.51x − 1 என்ற இரண்டு கோடுகளையும் வரைபடத்தாளில் வரைந்து பார்த்தால், அவை இணைகோடுகள் என்றே எவரும் சொல்லுவர். ஆனால் இரண்டு வலப்பக்கங்களையும் சமப்படுத்தினால் 0.01x = 2 என்று கிடைக்கிறது; அதாவது x = 200, y = 101 என்ற புள்ளியில், தாளின் எல்லைக்கு வெகுதொலைவில், இக்கோடுகள் வெட்டிக்கொள்கின்றன. வரைபடம் ஒரு கணிப்பைத் தருமே தவிர முடிவைத் தராது. கோடுகளைச் சமன்பாடுகளாக எழுதும் முறையை ரெனே டெக்கார்ட் 1637-இல் வெளியிட்ட பிறகு, இக்கேள்விக்கு அளவுகோலோ கூர்மையான பென்சிலோ தேவையில்லாமல் போயிற்று. கெழுக்களை வைத்துச் சில பெருக்கல்கள் செய்தாலே விடை தெரிந்துவிடும்.

ஒரே தளத்தில் உள்ள இரண்டு நேர்க்கோடுகளுக்கு மூன்றே நிலைகள்தான் உண்டு. அவை ஒரே ஒரு புள்ளியில் வெட்டலாம். எங்கும் சந்திக்காமல் இணையாகச் செல்லலாம். அல்லது தோற்றத்தில் இரண்டு சமன்பாடுகளாக இருந்தாலும் உண்மையில் ஒரே கோடாக இருக்கலாம். மூன்றாவது நிலையை ஒன்றின் மீது ஒன்று பொருந்தும் கோடுகள் என்பர். இரண்டு வெவ்வேறு நேர்க்கோடுகள் இரண்டு புள்ளிகளில் வெட்டுவது நடவாத ஒன்று, ஏனெனில் இரண்டு புள்ளிகள் வழியே ஒரு நேர்க்கோடு மட்டுமே செல்லும்.

முதல் படி: சமன்பாடுகளைப் பொது வடிவத்திற்குக் கொண்டுவருதல்

கணக்குகளில் கோடுகள் பல வடிவங்களில் கொடுக்கப்படும். எதையும் ஒப்பிடுவதற்கு முன் இரண்டையும் ax + by + c = 0 என்ற பொது வடிவத்தில் எழுதிக்கொள்ள வேண்டும்; இங்கு a, b இரண்டும் ஒரே நேரத்தில் பூச்சியமாக இருக்கக் கூடாது. பின்னங்கள் இருந்தால் பகுதிகளின் மீச்சிறு பொது மடங்கால் முழுச் சமன்பாட்டையும் பெருக்கி அவற்றை நீக்கிவிடலாம். y = (2/3)x − 4 என்பதை 3-ஆல் பெருக்கி, எல்லா உறுப்புகளையும் ஒரே பக்கத்திற்கு மாற்றினால் 2x − 3y − 12 = 0 என்றாகிறது. வெட்டுத்துண்டு வடிவில் உள்ள x/4 + y/6 = 1 என்பதை 12-ஆல் பெருக்கினால் 3x + 2y − 12 = 0 என்று மாறுகிறது.

சமன்பாட்டிற்குப் பதிலாக கோட்டின் மீதுள்ள (x₁, y₁), (x₂, y₂) என்ற இரண்டு புள்ளிகள் மட்டும் கொடுக்கப்பட்டிருந்தால், a = y₂ − y₁, b = x₁ − x₂, c = −(ax₁ + by₁) என்று எடுத்துக்கொள்ளலாம். (1, 2), (4, 8) ஆகிய புள்ளிகளுக்கு a = 6, b = −3, c = 0 என்பதால் 6x − 3y = 0, அதாவது 2x − y = 0 என்ற கோடு கிடைக்கிறது. இந்த முறையில் வகுத்தலே இல்லாததால், கோடு செங்குத்தாக நின்றாலும் சிக்கல் எதுவும் எழாது.

மாணவர்கள் பிழை செய்வது பெரும்பாலும் இந்த முதல் படியில்தான். ஒரு சமன்பாட்டை ax + by = c என்றும் மற்றொன்றை ax + by + c = 0 என்றும் விட்டுவிட்டு மாறிலிகளை ஒப்பிட்டால், c-இன் குறி தலைகீழாகி, ஒரே கோடாக இருப்பது இணைகோடுகளாகத் தோன்றும். எந்த வடிவத்தைத் தேர்ந்தெடுக்கிறோம் என்பது முக்கியமன்று. இரண்டும் ஒரே வடிவத்தில் இருக்க வேண்டும் என்பதே முக்கியம்.

சாய்வைக் கொண்டு ஒப்பிடும் முறையும் அதன் எல்லையும்

பலரும் முதலில் கற்பது சாய்வு முறை. சமன்பாட்டை y = mx + k என்ற வடிவில் எழுதினால் m என்பது சாய்வு, k என்பது y வெட்டுத்துண்டு. சாய்வுகள் வெவ்வேறாக இருந்தால் கோடுகள் வெட்டும். சாய்வுகள் சமமாகவும் வெட்டுத்துண்டுகள் வேறாகவும் இருந்தால் அவை இணை. இரண்டுமே சமமானால் ஒரே கோடு. ஒரு கோடு எவ்வளவு வேகமாக ஏறுகிறது அல்லது இறங்குகிறது என்பதைச் சாய்வு நேரடியாகச் சொல்லுவதால் இம்முறை எளிதில் புரியும். கொடுக்கப்பட்ட இரண்டு சமன்பாடுகளும் ஏற்கெனவே இந்த வடிவில் இருந்தால் வேறு முறையைத் தேட வேண்டியதும் இல்லை.

ஆனால் பொது வடிவத்திலிருந்து சாய்வைப் பெற m = −a/b என்று வகுக்க வேண்டும். b = 0 எனில், அதாவது x = 5 போன்ற y அச்சுக்கு இணையான கோடு எனில், சாய்வு வரையறுக்கப்படாது. அப்போது அந்தக் கோட்டைத் தனியாகக் கையாள வேண்டியிருக்கிறது. பாடநூல்களில் வரும் விகித முறையிலும் இதே குறை மறைந்திருக்கிறது. a₁/a₂ ≠ b₁/b₂ எனில் வெட்டும் கோடுகள், a₁/a₂ = b₁/b₂ ≠ c₁/c₂ எனில் இணைகோடுகள், மூன்று விகிதங்களும் சமமெனில் பொருந்தும் கோடுகள் என்று மனப்பாடம் செய்தவர், x − 2 = 0, x − 5 = 0 என்ற எளிய இணைகோடுகளைச் சந்திக்கும்போது b₁/b₂ என்ற இடத்தில் 0/0 என்று எழுதிவிட்டுத் திகைத்து நிற்பார். தேர்வுக்கு விகித முறையே கேட்கப்பட்டால் அதை எழுதத்தான் வேண்டும் என்றாலும், எந்தக் கோட்டிற்கும் தடுமாறாத முறை வேறொன்று உண்டு. அதையே முதன்மை முறையாகப் பழகிக்கொள்வது நல்லது என்பது என் கருத்து.

இரண்டாம் படி: D என்ற ஒரே எண்ணைக் கணக்கிடுதல்

a₁x + b₁y + c₁ = 0, a₂x + b₂y + c₂ = 0 என்ற இரண்டு கோடுகளுக்கு

D = a₁b₂ − a₂b₁

என்ற எண்ணைக் கணக்கிட வேண்டும். இது x, y ஆகியவற்றின் கெழுக்களால் அமைந்த அணிக்கோவையின் மதிப்பு. D பூச்சியமற்றதாக இருந்தால் கோடுகள் ஒரே ஒரு புள்ளியில் வெட்டும்; D = 0 எனில் அவை ஒரே திசையில் செல்கின்றன, ஆகவே இணையாகவோ ஒரே கோடாகவோ இருக்கும். இங்கு வகுத்தல் எதுவும் இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். செங்குத்துக் கோடு, கிடைக்கோடு, சாய்ந்த கோடு எல்லாவற்றிற்கும் இந்த ஒரு கணக்கே போதும்.

இது ஏன் வேலை செய்கிறது என்பதை நீக்கல் முறையிலேயே காணலாம். முதல் சமன்பாட்டை b₂-ஆலும் இரண்டாவதை b₁-ஆலும் பெருக்கிக் கழித்தால் y உறுப்புகள் நீங்கி, (a₁b₂ − a₂b₁)x + (b₂c₁ − b₁c₂) = 0 என்று எஞ்சுகிறது. x-இன் கெழுவாக வந்து நிற்பது D-தான். அது பூச்சியமாக இல்லாவிட்டால் அதனால் வகுத்து x-ஐக் காணலாம். இதே போல x-ஐ நீக்கினால் y கிடைக்கும்:

x = (b₁c₂ − b₂c₁) / D, y = (c₁a₂ − c₂a₁) / D

குறுக்குப் பெருக்கல் முறை என்று பள்ளியில் கற்பிக்கப்படுவதும், கேப்ரியல் கிராமர் 1750-இல் வெளியிட்டதால் அவர் பெயரால் வழங்கும் விதியும் இந்த இடத்தில் ஒன்றாகவே வந்து சேர்கின்றன.

ஓர் எடுத்துக்காட்டு: 2x − 3y − 12 = 0, 5x + 4y − 7 = 0. இங்கு D = (2)(4) − (5)(−3) = 8 + 15 = 23. பூச்சியமன்று, எனவே கோடுகள் வெட்டுகின்றன. கேள்வி வெட்டுகின்றனவா என்பது மட்டுமே எனில் இத்துடன் நிறுத்திக்கொள்ளலாம். வெட்டும் புள்ளியும் தேவையெனில், x = ((−3)(−7) − (4)(−12)) / 23 = (21 + 48) / 23 = 3; y = ((−12)(5) − (−7)(2)) / 23 = (−60 + 14) / 23 = −2. கிடைத்த (3, −2) என்ற புள்ளியை இரண்டு சமன்பாடுகளிலும் பிரதியிட்டுச் சரிபார்க்க வேண்டும்: 6 + 6 − 12 = 0; 15 − 8 − 7 = 0. ஒரே சமன்பாட்டில் மட்டும் சரிபார்ப்பது போதாது, ஏனெனில் முதல் கோட்டின் மீதுள்ள தவறான புள்ளிகள் யாவும் அந்தச் சோதனையில் தேறிவிடும்.

இதே கெழுக்களைக் கொண்டு இன்னொன்றையும் அறியலாம்: a₁a₂ + b₁b₂ = 0 எனில் கோடுகள் வெட்டுவதோடு ஒன்றுக்கொன்று செங்குத்தாகவும் இருக்கும்.

மூன்றாம் படி: D = 0 எனில் இணையா, ஒரே கோடா?

இப்போது மேற்கண்ட வாய்பாடுகளின் தொகுதிகளை மட்டும் பார்க்க வேண்டும்: b₁c₂ − b₂c₁, c₁a₂ − c₂a₁. இவற்றில் ஏதேனும் ஒன்று பூச்சியமற்றதாக இருந்தாலும் கோடுகள் இணையானவை. இரண்டுமே பூச்சியமானால் அவை ஒரே கோடு. இரண்டையும் பார்க்க வேண்டியதற்குக் காரணம் உண்டு. முன்பு கண்ட x − 2 = 0, x − 5 = 0 என்ற ஜோடியில் b₁, b₂ இரண்டும் பூச்சியம் என்பதால் முதல் தொகுதி தானாகவே பூச்சியமாகிவிடுகிறது; இரண்டாவது தொகுதி (−2)(1) − (−5)(1) = 3 என்று வந்து, இவை இணைகோடுகளே என்பதைக் காட்டிக்கொடுக்கிறது.

6x − 9y + 5 = 0, 4x − 6y + 5 = 0 என்ற ஜோடியை எடுத்துக்கொள்வோம். D = −36 + 36 = 0. முதல் தொகுதி (−9)(5) − (−6)(5) = −45 + 30 = −15. எனவே இவை இணைகோடுகள். மாறிலி இரண்டிலும் 5 என்றே இருப்பதைப் பார்த்து ஒரே கோடு என்று அவசரப்பட்டுச் சொல்லக் கூடாது. கெழுக்கள் சமமாக இல்லாதபோது மாறிலிகளை மட்டும் தனியே ஒப்பிடுவதில் பொருளில்லை. மாறாக 6x − 9y + 15 = 0, 4x − 6y + 10 = 0 என்ற ஜோடியில் D உட்பட மூன்று மதிப்புகளும் பூச்சியமாகின்றன. முதலாவதை 3-ஆலும் இரண்டாவதை 2-ஆலும் வகுத்தால் இரண்டுமே 2x − 3y + 5 = 0 என்று ஆவதைக் காணலாம்.

நீக்கல் முறையில் கணக்கைச் செய்பவர்களுக்கு இவ்விரு நிலைகளும் வேறு உருவில் எதிர்ப்படும். x, y இரண்டும் ஒருசேர மறைந்துபோய் 0 = 5 என்பது போன்ற பொய்யான கூற்று எஞ்சினால், இரண்டு சமன்பாடுகளையும் நிறைவு செய்யும் புள்ளியே இல்லை என்று பொருள்; கோடுகள் இணை. 0 = 0 என்று எஞ்சினால், இரண்டாவது சமன்பாடு முதலாவது சொன்னதையே திரும்பச் சொல்லியிருக்கிறது; கோட்டின் ஒவ்வொரு புள்ளியும் தீர்வுதான், ஆகவே எண்ணற்ற தீர்வுகள் உண்டு. கணக்கு எங்கோ தவறிவிட்டது என்று எண்ணி இந்த வரிகளை அடித்துவிட்டு மீண்டும் தொடங்க வேண்டியதில்லை. அந்த வரியே விடை.

இணை என்று உறுதியான பின் இடைத்தொலைவு தேவைப்பட்டால், முதலில் a, b ஆகியவற்றை இரண்டு சமன்பாடுகளிலும் ஒன்றாக்கிக்கொண்டு, |c₁ − c₂| / √(a² + b²) என்று கணக்கிடலாம். மேலே கண்ட இணைகோடுகளை 2x − 3y + 5/3 = 0, 2x − 3y + 5/2 = 0 என்று மாற்றினால், மாறிலிகளின் வேறுபாடு 5/6; √(4 + 9) = √13; எனவே தொலைவு 5/(6√13), அதாவது ஏறத்தாழ 0.231 அலகு.

தெரியாத கெழு உள்ள கணக்குகள்

kx + 2y − 4 = 0, 8x + ky − (k + 4) = 0 ஆகிய கோடுகள் k-இன் எந்த மதிப்புகளுக்கு வெட்டாது என்று கேட்கப்படலாம். D = k² − 16. எனவே k = 4, k = −4 ஆகிய இரண்டைத் தவிர மற்ற எல்லா மதிப்புகளுக்கும் கோடுகள் ஒரே புள்ளியில் வெட்டும். இந்த இடத்தில் k = ±4 எனில் இணைகோடுகள் என்று எழுதி முடித்துவிடுவது பரவலான தவறு. k = 4 எனில் சமன்பாடுகள் 4x + 2y − 4 = 0, 8x + 4y − 8 = 0 என்றாகி ஒரே கோட்டைக் குறிக்கின்றன. k = −4 எனில் −4x + 2y − 4 = 0, 8x − 4y = 0 என்றாகின்றன; முதலாவதை −2-ஆல் பெருக்கினால் 8x − 4y + 8 = 0, ஆகவே இவை மட்டுமே உண்மையான இணைகோடுகள். D = 0 தரும் ஒவ்வொரு மதிப்பையும் தனித்தனியே பிரதியிட்டுப் பார்க்காமல் விடை எழுதக் கூடாது.

தசம எண்கள் ஏமாற்றும் இடம்

x/3 − y + 1 = 0, x − 3y + 6 = 0 ஆகியவை இணைகோடுகள்; முதலாவதை 3-ஆல் பெருக்கினாலே தெரிந்துவிடும். ஆனால் 1/3 என்பதை 0.333 என்று சுருக்கி எழுதிவிட்டால், D = (0.333)(−3) − (1)(−1) = 0.001 என்று வரும். பூச்சியமில்லை அல்லவா? வாய்பாட்டை நம்பித் தொடர்ந்தால் (−3000, −998) என்ற புள்ளியில் கோடுகள் வெட்டுவதாகவும் விடை கிடைக்கும்; பிரதியிட்டுச் சரிபார்த்தால் அதுவும் சரியாகவே இருக்கும், ஏனெனில் நாம் சோதிப்பது ஏற்கெனவே மாறிப்போன கோட்டை. ஆகையால் பின்னங்களைப் பின்னங்களாகவே வைத்துக்கொண்டு, முழு எண் கெழுக்களாக மாற்றிய பிறகே D-ஐக் கணக்கிட வேண்டும்.

கணினி நிரலில் இதைச் செய்பவர்களுக்கு இன்னும் ஓர் எச்சரிக்கை தேவை. நிரல்கள் தசம எண்களை இரும முறையில் தோராயமாகவே சேமிப்பதால், D == 0 என்று நேரடியாக ஒப்பிடுவது நம்பத்தக்கதன்று. அதற்காக, D ஒரு சிறிய எண்ணாக இருந்தால் இணை என்று வைத்துக்கொள்ளவும் முடியாது. ஒரு சமன்பாட்டை 1000-ஆல் பெருக்கினால் கோடு மாறாது, ஆனால் D ஆயிரம் மடங்காகிவிடும். D-ஐ √(a₁² + b₁²), √(a₂² + b₂²) இரண்டின் பெருக்கற்பலனால் வகுத்தால், கோடுகளுக்கு இடையேயான கோணத்தின் சைன் மதிப்பு குறியுடன் கிடைக்கும். அதன் எண்ணளவை முன்பே தீர்மானித்த ஒரு சிறிய வரம்போடு ஒப்பிடுவதே முறையானது. அந்த வரம்பு எவ்வளவு என்பது உள்ளீடுகளின் துல்லியத்தைப் பொறுத்தது. தொடக்கத்தில் கண்ட 0.5, 0.51 சாய்வுள்ள கோடுகளை இணை என்று ஒதுக்கிவிடும் அளவுக்கு அது பெரிதாக இருக்கக் கூடாது.

கோட்டுத்துண்டுகளாக இருந்தால்

கோடு இருபுறமும் முடிவின்றி நீள்வது. கோட்டுத்துண்டுக்கு இரு முனைகள் உண்டு. (0, 0), (2, 2) ஆகியவற்றை இணைக்கும் துண்டும், (5, 0), (3, 2) ஆகியவற்றை இணைக்கும் துண்டும் முறையே x − y = 0, x + y − 5 = 0 என்ற கோடுகளின் மீது அமைந்தவை. இங்கு D = 2, கோடுகள் (2.5, 2.5) என்ற புள்ளியில் வெட்டுகின்றன. ஆனால் முதல் துண்டு (2, 2)-லேயே முடிந்துவிடுகிறது. எனவே துண்டுகள் வெட்டவில்லை. வெட்டும் புள்ளியின் x, y இரண்டு மதிப்புகளும் ஒவ்வொரு துண்டின் முனைகளுக்கு இடையே அமைகின்றனவா என்று இரண்டு துண்டுகளுக்கும் பார்ப்பது கட்டாயம்.

முப்பரிமாணத்தில் வரும் நான்காவது நிலை

இதுவரை சொன்னவை யாவும் ஒரே தளத்துக்குள் அடங்கிய கோடுகளுக்கே பொருந்தும். யூக்ளிட் இணைகோடுகளை வரையறுக்கும்போதே, அவை ஒரே தளத்தில் இருக்க வேண்டும் என்ற நிபந்தனையைச் சேர்த்திருக்கிறார். ஏனெனில் முப்பரிமாண வெளியில் இரண்டு கோடுகள் இணையாக இல்லாமலேயே, ஒன்றன் மேல் ஒன்று விலகிச் சென்று, சந்திக்காமல் போகலாம். இவற்றை ஒரு தளம் அமையாக் கோடுகள் என்பர். ஆகவே வெட்டவில்லை என்பதிலிருந்து இணை என்று முடிவு செய்யும் உரிமை இங்கே கிடையாது.

இங்குக் கோடுகளைத் துணையலகு வடிவில், அதாவது மதிப்பு மாற மாறக் கோட்டின் எல்லாப் புள்ளிகளையும் தரும் ஒரு மாறியைக் கொண்டு, எழுதுவது வசதியானது. முதல் கோடு (1 + 2s, 3 − s, 2 + s) என்றும், இரண்டாவது (2 + t, 4 − 2t, 3t) என்றும் இருக்கட்டும். s, t என்ற இரண்டு வெவ்வேறு துணையலகுகளைப் பயன்படுத்தியாக வேண்டும். இரண்டிற்கும் ஒரே எழுத்தை வைத்தால், வெட்டும் கோடுகள்கூட வெட்டாதவையாகத் தோன்றக்கூடும். முதலில் திசை விகிதங்களை, அதாவது s, t ஆகியவற்றின் கெழுக்களை, ஒப்பிட வேண்டும்: (2, −1, 1), (1, −2, 3). ஒன்று மற்றொன்றின் மடங்கு அன்று, எனவே கோடுகள் இணையல்ல. மடங்காக இருந்திருந்தால், ஒரு கோட்டின் ஏதேனும் ஒரு புள்ளி மற்றதன் மீது அமைகிறதா என்று பார்த்து, இணையா ஒரே கோடா என்பதை முடிவு செய்திருக்கலாம்.

அடுத்து, முதல் இரண்டு ஆயத்தொலைவுகளைச் சமப்படுத்த வேண்டும். 1 + 2s = 2 + t என்பதிலிருந்து t = 2s − 1. இதை 3 − s = 4 − 2t என்பதில் பிரதியிட்டால் 3 − s = 6 − 4s, எனவே s = 1, t = 1. இப்போது இதுவரை பயன்படுத்தாத மூன்றாவது ஆயத்தொலைவைச் சோதிக்க வேண்டும்: 2 + s = 3, 3t = 3. இரண்டும் சமம், ஆகவே கோடுகள் (3, 2, 3) என்ற புள்ளியில் வெட்டுகின்றன. இரண்டாவது கோட்டை மட்டும் (2 + t, 4 − 2t, 5 + 3t) என்று மாற்றினால், s = 1, t = 1 என்ற அதே மதிப்புகளே கிடைக்கும்; ஆனால் மூன்றாவது ஆயத்தொலைவு ஒன்றில் 3 என்றும் மற்றொன்றில் 8 என்றும் முரண்படுகிறது. இவை வெட்டுவதும் இல்லை, இணையும் அல்ல.

வெட்டும் புள்ளி தேவையில்லை, நிலை மட்டும் தெரிந்தால் போதும் எனில், வெக்டர் பெருக்கத்தைக் (இரண்டு வெக்டர்களுக்கும் செங்குத்தான வெக்டரைத் தரும் பெருக்கம்) கொண்டு ஒரே வரியில் இதைச் சோதிக்கலாம். திசை வெக்டர்களின் வெக்டர் பெருக்கம் (−1, −5, −3). முதல் கோட்டின் (1, 3, 2) என்ற புள்ளியிலிருந்து இரண்டாவது கோட்டின் (2, 4, 0) என்ற புள்ளிக்குச் செல்லும் வெக்டர் (1, 1, −2); இவ்விரண்டின் திசையிலிப் பெருக்கம் (ஒத்த உறுப்புகளைப் பெருக்கிக் கூட்டுவது) −1 − 5 + 6 = 0, எனவே கோடுகள் ஒரே தளத்தில் உள்ளன; இணையல்ல என்பதால் வெட்டியே தீர வேண்டும். மாற்றிய கோட்டிற்கு அந்த வெக்டர் (1, 1, 3) ஆகிறது; பெருக்கம் −1 − 5 − 9 = −15. பூச்சியமில்லாத இந்த மதிப்பே அவை ஒரு தளம் அமையாக் கோடுகள் என்பதற்குச் சான்று.